கேஸி அடித்த நடுவர்: 1899-இன் ஒரு மௌனப்படம் குறித்த நிகழ்வு ஆய்வு

1899-இல், அமெரிக்காவின் நியூ ஜெர்சி மாநிலத்தில் உள்ள வெஸ்ட் ஆரஞ்சில், தாமஸ் எடிசனின் வீட்டுப் புல்வெளியில் பேஸ்பால் உடை அணிந்த சிலரை நிறுத்தி, அவருடைய நிறுவனம் ஒரு சிறு படத்தை எடுத்தது. அது ஓடி முடிய ஒரு நிமிடம்கூட ஆகாது. மட்டையாளர் ஒருவர் நிற்கிறார். அவருக்குப் பின்னால் பந்தைப் பிடிக்கும் கேட்சரும், கேட்சருக்குப் பின்னால் நடுவரும் இருக்கிறார்கள். மட்டையாளர் ஆட்டமிழக்கிறார், தீர்ப்பை ஏற்க மறுத்து நடுவரோடு வாதிடுகிறார், வாதம் கைகலப்பாக மாறுகிறது, நடுவர் தரையில் சாய்க்கப்படுகிறார், மற்ற ஆட்டக்காரர்களும் அந்தச் சண்டையில் வந்து விழுகிறார்கள். அத்துடன் படம் முடிந்துவிடுகிறது.

'கேஸி அட் தி பேட்' என்பது படத்தின் பெயர். அதனுடன் 'அல்லது ஒரு "அழுகல்" நடுவரின் கதி' என்று பொருள்படும் இரண்டாம் தலைப்பும் சேர்ந்திருக்கிறது. பேஸ்பால் நடுவரை மையமாக வைத்த அடிதடி நகைச்சுவைக்கு நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய சான்றுகளில் இது ஒன்று. இவ்வளவு சிறிய படத்தை நீளமாக ஆராய வேண்டுமா என்று கேட்கலாம். அமெரிக்கர்களில் பலருக்கு மனப்பாடமாக இருந்த ஒரு கவிதையிலிருந்து தன் நாயகனை எடுத்துக்கொண்டு, அக்கவிதையில் அந்த நாயகன் செய்வதற்கு நேர் எதிரானதை இந்தப் படம் செய்யவைக்கிறது. கவிதையில் நடுவரைக் காப்பாற்றுபவன் படத்தில் நடுவரை அடிக்கிறான். இந்தத் தலைகீழ் மாற்றம் தற்செயலானதன்று என்றும், ஒலியில்லாத திரை என்ற ஊடகமே அதைக் கோரியது என்றும் நான் கருதுகிறேன். அந்தக் கருத்துக்கான காரணங்களை இந்த ஆய்வில் ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

கவிதையில் நடந்தது

எர்னஸ்ட் லாரன்ஸ் தேயர் எழுதிய அந்தக் கவிதை 1888 ஜூன் 3 அன்று சான் பிரான்சிஸ்கோ எக்ஸாமினர் நாளிதழில் வெளிவந்தது. தேயர் ஹார்வர்டில் படித்தவர். அங்கே மாணவர் நகைச்சுவை இதழின் ஆசிரியராக இருந்தவர். அங்கு அவருடன் பழகிய வில்லியம் ராண்டால்ஃப் ஹெர்ஸ்ட் பின்னர் எக்ஸாமினர் பொறுப்பை ஏற்றபோது அவரை எழுத அழைத்தார். கவிதை பதின்மூன்று பத்திகள், ஐம்பத்திரண்டு அடிகள் கொண்டது. பெயருக்குப் பதிலாக 'ஃபின்' என்ற புனைபெயர் மட்டுமே அதன் கீழே இருந்தது.

கதை எளிது. மட்வில் என்ற கற்பனை ஊரின் அணி இரண்டுக்கு நான்கு என்று பின்தங்கி நிற்கிறது. மிஞ்சியிருப்பது ஒரே ஒரு இன்னிங்ஸ். இருவர் அவுட்; மூன்றாமவரும் அவுட்டானால் ஆட்டம் முடிந்தது. கூட்டத்தில் ஒரு பகுதி நம்பிக்கை இழந்து எழுந்து போகத் தொடங்குகிறது. ஃபிளின், பிளேக் என்னும், யாரும் பொருட்படுத்தாத இருவர் எதிர்பாராமல் அடித்து, ஓட்டக்காரர் வரிசையாகத் தொட வேண்டிய நிலைகளான பேஸ்களை அடைந்துவிட, ஊரே நம்பும் கேஸி களத்தில் இறங்குகிறான். அவன் கையில் மண்ணைத் தேய்க்கும்போது பத்தாயிரம் கண்கள் அவன் மீது பதிந்திருந்ததாகவும், அதைச் சட்டையில் துடைக்கும்போது ஐயாயிரம் நாவுகள் ஆர்ப்பரித்ததாகவும் தேயர் எழுதுகிறார்.

முதல் பந்தைக் கேஸி தொடவே இல்லை. அது தன் பாணிக்கு உகந்ததல்ல என்கிறான். நடுவர் அதை ஸ்ட்ரைக், அதாவது மட்டையாளர் அடித்திருக்க வேண்டிய பந்து, என்கிறார்; மூன்று ஸ்ட்ரைக் ஆனால் அவர் அவுட். அரங்கிலிருந்து நடுவரைக் கொல்லச் சொல்லும் குரல் எழுகிறது. கேஸி மட்டும் கையை உயர்த்தியிராவிட்டால் உண்மையாகவே கொன்றிருப்பார்கள் என்று கவிஞர் சொல்கிறார். முகத்தில் கருணை ததும்ப அவன் கூட்டத்தை அடக்குகிறான். இரண்டாவது பந்தையும் விட்டுவிடுகிறான்; மீண்டும் ஸ்ட்ரைக். மோசடி என்று ஆயிரக்கணக்கானோர் கத்துகிறார்கள்; கேஸியின் ஒரே ஒரு பார்வையில் அடங்குகிறார்கள். மூன்றாவது பந்துக்கு அவன் காற்று அதிர மட்டையை வீசுகிறான். பந்து படவில்லை. மட்வில்லில் அன்று மகிழ்ச்சி இல்லை.

கவிதையின் மூன்று ஸ்ட்ரைக்குகளில் நடுவரின் கணிப்பைச் சார்ந்தவை முதல் இரண்டுதான். அந்த இரண்டின்போதும் கேஸி எதிர்ப்புக் காட்டவில்லை, எதிர்த்தவர்களை அடக்கினான். மூன்றாவதற்கு நடுவரின் கருத்தே தேவையில்லை. வீசினான், தவறவிட்டான், அவ்வளவுதான். ஆக, தேயரின் கேஸி வீழ்வது தன் செருக்கினால். நடுவருக்கு அதில் எந்தப் பங்கும் இல்லை. நடுவரைத் தன் பெருந்தன்மையை ஊருக்குக் காட்டும் வாய்ப்பாக அவன் பயன்படுத்திக்கொண்டான் என்றுகூடச் சொல்லலாம்.

இந்தக் கவிதை நாடெங்கும் பரவியது அச்சினால் அன்று, குரலினால். 1888 ஆகஸ்ட் 14 அன்று நியூயார்க்கின் வாலக்ஸ் தியேட்டரில், நியூயார்க், சிகாகோ அணிகளின் ஆட்டக்காரர்கள் பார்வையாளர்களாக அமர்ந்திருந்த இரவில், டி வுல்ஃப் ஹாப்பர் என்ற இசை நாடக நடிகர் அதை மேடையில் ஒப்பித்தார். வாழ்நாள் முழுதும் ஒப்பித்துக்கொண்டே இருந்தார். அவருடைய கணக்குப்படி அந்த எண்ணிக்கை பத்தாயிரத்தைத் தாண்டியது. அவருடைய கனத்த குரல் தாழ்ந்து, உயர்ந்து, நின்று, கடைசி அடியில் உடையும் விதத்தைக் கேட்கவே கூட்டம் வந்தது. எடிசன் நிறுவனம் இந்தக் கதையைப் படமாக்க நினைத்தபோது, அதை இவ்வளவு புகழ்பெறச் செய்த குரல் ஒன்றுதான் அதன் கையில் இல்லாதது.

நடுவர் நிற்கும் இடம்

கிரிக்கெட் பார்த்துப் பழகிய நமக்கு, பேஸ்பால் நடுவரின் நிலை எவ்வளவு இக்கட்டானது என்பது உடனே பிடிபடாது. கிரிக்கெட்டில் நடுவர் பந்துவீச்சாளரின் முனையில், மட்டையாளரிடமிருந்து இருபத்திரண்டு கெஜத்துக்கும் அப்பால் நிற்கிறார். குச்சி சாய்ந்தால் அது எல்லோர் கண்ணுக்கும் தெரியும். பேஸ்பாலில் குச்சி என்று எதுவுமே கிடையாது. மட்டையாளரின் பக்கத்தில் தரையில் பதித்த ஹோம் பிளேட் என்ற தட்டுக்கு மேலே, அவருடைய முழங்காலுக்கும் தோளுக்கும் இடைப்பட்ட வெற்றிடத்தில் பந்து புகுந்ததா என்பதுதான் அன்றைய விதி கேட்ட கேள்வி. அந்த இடத்தில் தொட்டுக் காட்ட எதுவும் இல்லை. அறுபது அடி ஆறு அங்குல தூரத்திலிருந்து பாய்ந்து வரும் பந்து அந்தக் காற்றைக் கடந்துபோன பிறகு, எந்தத் தடயமும் எஞ்சாது. நடுவர் சொன்னால் அது ஸ்ட்ரைக், சொல்லாவிட்டால் இல்லை.

ஹோம் பிளேட்டே அவருக்குப் பெரிதாக உதவவில்லை. 1899 வரை அது ஒரு சதுரம். முனை எறிவாளரைப் பார்க்கும்படி சாய்த்துப் பதிக்கப்பட்டிருந்தது. எறிவாளரும் நடுவரும் அகலத்தைத் தெளிவாகக் காணும்படி ஐந்து பக்கங்கள் கொண்ட வடிவம் 1900-இல்தான் வந்தது. எனவே எடிசனின் படம், நடுவரின் தீர்ப்பு இடத்தை விதியே சற்று மங்கலாக வைத்திருந்த கடைசி ஆண்டில் எடுக்கப்பட்டது.

இப்படிக் கண்ணுக்குத் தெரியாத எல்லையைப் பற்றித் தீர்ப்புச் சொல்பவர் எங்கே நிற்கிறார் என்பதைக் கவனிக்க வேண்டும். மட்டையாளரின் முதுகுக்குப் பின்னால், கேட்சரின் தோளுக்கு மேலாகக் குனிந்து, ஆத்திரப்பட்டவர் திரும்பிக் கை நீட்டினால் எட்டும் தூரத்தில் நிற்கிறார். மட்டையாளரின் கையில் கனமான மரத்தடி. நடுவரின் கையில் ஒன்றும் இல்லை. அடிதடி நகைச்சுவைக்காக ஒருவர் திட்டமிட்டு மேடை அமைத்தாலும் இதைவிடக் கச்சிதமாக ஆட்களை நிறுத்த முடியாது. இவ்வகை நகைச்சுவையைக் குறிக்கும் ஸ்லாப்ஸ்டிக் என்ற ஆங்கிலச் சொல்லே, அடிபடுபவருக்கு வலிக்காமல் பேரோசை மட்டும் எழுப்புவதற்காக இத்தாலிய வீதி நாடகக்காரர்கள் பயன்படுத்திய இரட்டைப் பலகைக் கோலிலிருந்து வந்தது. எடிசன் நிறுவனத்தின் கேமரா ஓர் இடத்தில் ஊன்றி நின்றது; அசையாது, நெருங்காது, வெட்டி வேறு கோணத்துக்குப் போகாது. மைதானம் முழுவதையும் கேமராவின் சட்டகத்துக்குள் அடக்க வழியில்லை. ஆனால் மட்டையாளர், கேட்சர், நடுவர் மூவரும் எந்தச் சிரமமும் இல்லாமல் அடங்கிவிடுவார்கள். பேஸ்பாலின் பரந்த களத்தில், ஒரே சட்டகத்துக்குள் மோதலுக்குத் தயாராக மூவர் எப்போதும் சேர்ந்து நிற்கும் இடம் அது ஒன்றுதான்.

அந்தக் காலத்து நடுவரின் நிலைமை

படம் வெறும் கற்பனையிலிருந்து எழுந்ததாக நினைக்கக் கூடாது. 1890-களில், அன்றைய முதன்மைப் பேஸ்பால் தொடரான நேஷனல் லீக்கின் ஆட்டங்களில் பெரும்பாலும் ஒரே நடுவர்தான் இருந்தார். பேஸ்களில் ஓட்டக்காரர்கள் இருக்கும்போது அவர் எறிவாளருக்குப் பின்னால் போய் நின்று இரு பக்கமும் பார்க்க வேண்டியிருந்தது. அவர் பந்தைத் தொடர்ந்து பார்க்கத் திரும்பிய கணத்தில், ஓட்டக்காரர் இரண்டாம் பேஸைத் தொடாமலே குறுக்கே ஓடி மூன்றாவதை அடைவதும், தடுப்பவர் ஓட்டக்காரரின் இடுப்புவாரைப் பிடித்து நிறுத்துவதும் அன்றாடம் நடந்தவை. 1894, 1895, 1896 ஆகிய மூன்று ஆண்டுகளில் தொடர்ந்து முதலிடம் பிடித்த பால்டிமோர் ஓரியோல்ஸ் அணி, தன் ஆட்டக்காரர் ஜான் மெக்ராவின் நாவன்மையோடு சேர்த்து, நடுவரை மிரட்டுவதையே ஓர் ஆட்டமுறையாக வளர்த்தது. 1898-இல் சின்சினாட்டி அணியின் உரிமையாளர் ஜான் பிரஷ், களத்தில் நடக்கும் வசைச்சொல்லையும் ரௌடித்தனத்தையும் ஒழிக்க ஒரு விதியைக் கொண்டுவந்தார். அது ஏட்டில் கடுமையாகவும் களத்தில் பயனற்றும் இருந்தது. படம் வந்தது அதற்கு அடுத்த ஆண்டு.

நடுவர்கள் எல்லோரும் பொறுமைசாலிகள் என்றும் சொல்ல முடியாது. டிம் ஹர்ஸ்ட் என்ற நடுவர் 1897-இல் சின்சினாட்டியில், அரங்கிலிருந்து தன் மீது வந்து விழுந்த பீர்க் குவளையை எடுத்துக் கூட்டத்தை நோக்கியே திருப்பி எறிந்தார், அது தீயணைப்பு வீரர் ஒருவரைக் காயப்படுத்தியது, ஹர்ஸ்ட் கைதுசெய்யப்பட்டார். மறுபக்கம், 1907-இல் செயின்ட் லூயிஸில், இருபத்து மூன்றே வயதான நடுவர் பில்லி எவன்ஸின் தலையில் பார்வையாளர் வீசிய பாட்டில் பட்டு மண்டையோட்டில் விரிசல் விழுந்தது. அவர் உயிர் பிழைத்து, களத்துக்குத் திரும்பி, பின்னாளில் 'ஹால் ஆஃப் ஃபேம்' எனப்படும் பேஸ்பால் பெரியோர் மன்றத்திலும் இடம்பெற்றார். இந்தச் செய்திகளை மனத்தில் வைத்துக்கொண்டு 1899-இன் படத்தைப் பார்த்தால், அதில் வரும் அடி மிகைப்படுத்திய வேடிக்கையாகத் தெரியாது. அக்காலப் பார்வையாளர்கள் அரங்கில் கண்டதையும் செய்தித்தாளில் படித்ததையும்தான் திரையில் பார்த்தார்கள். வேறுபாடு ஒன்றே: திரையில் விழுந்தவருக்கு வலிக்கவில்லை என்று அவர்களால் நம்ப முடிந்தது.

அந்த நம்பிக்கைதான் சிரிப்புக்கு இடம் கொடுத்தது என்பது என் எண்ணம். உண்மையான களத்தில் நடுவரை அடித்தவருக்கு அபராதம் உண்டு, வெளியேற்றம் உண்டு, லீக் தலைவரின் நடவடிக்கை உண்டு. 1901-இல் பெரிய லீக்காகத் தன்னை அறிவித்துக்கொண்ட அமெரிக்கன் லீக்கில் அதன் தலைவர் பான் ஜான்சன் நடுவர்களுக்குப் பின்னால் உறுதியாக நின்றார். 1902-இல் மெக்ராவையே இடைநீக்கம் செய்தார். படத்தில் அந்த இரண்டாம் பகுதி இல்லை. அடிக்குப் பிறகு வரவேண்டிய அனைத்தும் வருவதற்குள் படச்சுருள் தீர்ந்துவிடுகிறது. அந்தப் படச்சுருளின் குட்டையான நீளமே குற்றத்துக்குத் தண்டனை இல்லாத ஓர் உலகத்தை உண்டாக்கிக் கொடுத்தது.

குரல் இல்லாத தீர்ப்பு

இப்போது கவிதை ஏன் தலைகீழாயிற்று என்ற கேள்விக்கு வரலாம். தேயரின் கவிதையில் நிகழ்பவற்றைப் பட்டியலிட்டால், அவற்றில் கண்ணுக்குப் புலப்படுபவை மிகக் குறைவு என்பது தெரியும். கேஸி இரண்டு பந்துகளை அசையாமல் விடுகிறான், மூன்றாவதைத் தவறவிடுகிறான். மற்ற அனைத்தும் ஒலி: கூட்டத்தின் கூச்சல், நடுவர் உரைக்கும் ஸ்ட்ரைக், கேஸி சொல்லும் ஒற்றை வாக்கியம், எதிரொலிக்கும் மோசடி என்ற சொல், திடீர் மௌனம். இரண்டு முறை மட்டையாளர் சும்மா நிற்பதை ஒலியில்லாமல் படமெடுத்தால், பார்ப்பவருக்கு அங்கே ஒன்றுமே நடக்காததாகத் தோன்றும். கவிதையில் உச்சமாக இருக்கும் அந்த அசைவின்மை, திரையில் வெறும் காத்திருப்பாகக் குறுகிவிடும். ஒரு நிமிடத்துக்கும் குறைவான படத்தில் காத்திருக்கவும் நேரமில்லை.

நடுவரின் நிலை இன்னும் மோசம். அவருடைய அதிகாரம் முழுவதும் அவர் வாயில் இருந்தது. இன்று நாம் காணும் கையசைவுகள், வலக்கையை உயர்த்தி ஸ்ட்ரைக் என்று காட்டுவதும் கைகளை விரித்துத் தப்பித்தார் என்று காட்டுவதும், இருபதாம் நூற்றாண்டின் முதல் பத்தாண்டில்தான் பெரிய லீக்குகளில் வழக்கமாயின. காது கேளாத ஆட்டக்காரர் வில்லியம் ஹோய், நடுவர்கள் சை ரிக்லர், பில் கிளெம் என்று பலருக்கும் அந்த மாற்றத்தின் பெருமை கூறப்படுகிறது. 1899-இன் நடுவர் பொதுவாகக் குரல் எழுப்பியே தீர்ப்பளித்தார். அவரை மௌனப்படத்துக்குள் கொண்டுவந்து நிறுத்தியவுடன் அவருடைய தீர்ப்பு கேட்காமல் போயிற்று. எஞ்சியது உதடசைக்கும் ஓர் உருவம். அந்த உருவத்துக்குத் திரையில் வேலை கொடுக்க வேண்டுமென்றால் அதை விழவைக்க வேண்டும். வாதாடும் முகமும், நீளும் கையும், சாயும் உடலும், அதன் மேல் குவியும் மற்ற உடல்களும் கண்ணுக்கு விளங்கும். அவற்றுக்கு ஒப்பிப்பவர் எவரும் தேவையில்லை. கேஸியின் கருணை என்ற அகநிலை திரையில் ஏறாது. கேஸியின் ஆத்திரம் ஏறும். படமெடுத்தவர்கள் கவிதையைப் புரிந்துகொள்ளவில்லை என்று குறைசொல்வது எளிது. நான் அப்படிக் கருதவில்லை. தங்கள் கருவியால் எது முடியும், எது முடியாது என்பதை அவர்கள் சரியாகவே கணித்திருந்தார்கள். அப்போது எடிசன் நிறுவனத்தின் படப்பிரிவை நடத்திவந்த ஜேம்ஸ் எச். ஒயிட் அதற்குள் எத்தனையோ குறும்படங்களைச் சந்தைக்கு அனுப்பிப் பழகியவர்.

கவிதையின் கூட்டமும் படத்தில் இல்லை. எடிசனின் புல்வெளியில் ஐயாயிரம் பேரை அமர்த்த முடியாது. ஆனால் கூட்டம் முழுமையாக மறைந்துவிடவில்லை. அது தலைப்புக்குள் புகுந்துகொண்டது. இரண்டாம் தலைப்பில் 'அழுகல்' என்ற சொல்லைச் சுற்றி மேற்கோள்குறி இடப்பட்டிருப்பதைப் பார்க்க வேண்டும். அது நிறுவனத்தின் சொல் அல்ல. அரங்கிலிருந்து எழுந்த சொல்லை எடுத்துப் போட்டிருக்கிறார்கள். நடுவர் கெட்டவர் என்று படம் எங்கும் காட்டவில்லை. அவர் தவறான தீர்ப்புச் சொன்னதற்குப் படத்தில் எந்தச் சான்றும் இல்லை. அடிபட்ட பிறகும் கேஸி ஆட்டமிழந்தவனாகவே இருக்கிறான். அவரைக் கெட்டவர் என்று அழைப்பது கூட்டம் மட்டுமே, அந்தக் கூட்டம் இருப்பதோ இரண்டு மேற்கோள்குறிகளுக்குள். கவிதையில் இரண்டு பத்திகளை எடுத்துக்கொண்ட ஆரவாரத்தை ஒரே நிறுத்தக்குறிக்குள் அடக்கியது, இந்தச் சிறிய படத்தில் நான் மிகவும் மதிக்கும் செய்கை.

வேறொரு கூட்டமும் இருந்தது. அக்காலப் படங்கள் வாட்வில் எனப்படும் பல்சுவை அரங்குகளில், பாட்டு, வித்தை, நகைச்சுவை ஆகியவற்றுக்கு நடுவே ஓர் உருப்படியாகக் காட்டப்பட்டன. அங்கே அமர்ந்திருந்தவர்களில் பலர் ஹாப்பரின் ஒப்பித்தலைக் கேட்டவர்களாகவோ, பள்ளியில் தாங்களே ஒப்பித்தவர்களாகவோ இருந்திருப்பார்கள். கேஸி என்ற பெயர் தெரிந்தவுடனே மிச்சக் கதையை அவர்களால் தாங்களாகவே நிரப்பிக்கொள்ள முடியும். படம் அந்தக் கூடுதல் அறிவை நம்பியே எடுக்கப்பட்டது. கேஸி கையை உயர்த்துவான் என்று எதிர்பார்த்தவர்களுக்கு முன்னால் அவன் அந்தக் கையை ஓங்கினான். நகைச்சுவை அந்த இடைவெளியில் பிறந்தது. கவிதையை அறியாமல் இன்று பார்ப்பவருக்கு அது வெறும் தள்ளுமுள்ளாகத் தோன்றுவது இயல்பே.

லூமியர் சகோதரர்கள் 1895-இல் காட்டிய தோட்டக்காரர் படத்தோடு இதை ஒப்பிட்டால் ஒரு முக்கியமான வேறுபாடு தெரியும். அங்கே ஒரு சிறுவன் தண்ணீர்க்குழாயை மிதித்து நிறுத்துகிறான். தோட்டக்காரர் குழாயின் வாயைப் பார்க்கும்போது காலை எடுத்துவிடுகிறான். தண்ணீர் அவர் முகத்தில் பீறிட்டு அடிக்கிறது. தோட்டக்காரர் சிறுவனைத் துரத்திப் பிடித்து அடிக்கிறார். குறும்பு செய்தவன் தண்டனை பெறுகிறான், ஒழுங்கு மீள்கிறது. எடிசனின் படத்தில் அடிபடுபவர் ஒழுங்கைக் காப்பவர், அடிப்பவர் தோற்றவர், மீட்சி இல்லை. 1912-இல் மேக் சென்னெட் தொடங்கிய கீஸ்டோன் நிறுவனம் காவலர்களைக் குப்புற விழவைத்து உலகத்தையே சிரிக்கவைத்ததற்குப் பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன்பே, அதிகாரத்தில் இருப்பவரைக் கீழே தள்ளுவது என்ற விதை இங்கே விழுந்திருக்கிறது. காவலரிடமாவது தடி இருந்தது. பேஸ்பால் நடுவரிடம் அதுகூட இல்லை என்பதால், அவரைத் தள்ளுவதில் சற்றுக் கொடுமையும் கலந்திருக்கிறது. அதை மறைக்காமல் சொல்வதே நியாயம்.

படம் நமக்குக் கிடைத்த வழி

எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருளில் எடுத்த அக்காலப் படங்களில் பெரும்பகுதி எரிந்தும் சிதைந்தும் அழிந்தன. எடிசன் நிறுவனத்தின் தொடக்ககாலப் படங்கள் இவ்வளவு எஞ்சியிருப்பதற்குக் காரணம் அமெரிக்கக் காப்புரிமைச் சட்டத்தில் இருந்த ஒரு குறை. 1912 வரை அந்தச் சட்டத்தில் திரைப்படம் என்ற வகையே இல்லை. ஆகவே நிறுவனங்கள் படத்தின் ஒவ்வொரு சட்டகத்தையும் நீண்ட காகிதச் சுருளில் அச்சிட்டு, புகைப்படமாகப் பதிவு செய்து, காங்கிரஸ் நூலகத்தில் ஒப்படைத்தன. காகிதம் எரியவும் இல்லை, உருகவும் இல்லை. இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் கெம்ப் நைவர் தலைமையில் அந்தச் சுருள்கள் ஒவ்வொரு சட்டகமாக மீண்டும் படச்சுருளுக்கு மாற்றப்பட்டன; ஏறத்தாழ 3,000 படங்கள் அப்படி உயிர்பெற்றன. காகித இழையின் சொரசொரப்பு திரையில் படிந்த அந்தத் தோற்றத்துடன்தான் இக்காலப் படங்கள் பலவற்றை நாம் பார்க்கிறோம்.

பின்வந்தவை

கேஸியைத் திரை விடவில்லை. 1916-இல் ஹாப்பரே கேஸியாக நடித்த மௌனப்படம் வந்தது. நாடறிந்த குரலுக்கு உரியவர் குரலில்லாத படத்தில் நடித்தார் என்பது எனக்கு இன்றும் வருத்தம் தரும் செய்தி. 1920-களின் தொடக்கத்தில் லீ டி ஃபாரஸ்ட் தம் ஒலிப்பட முறையில் ஹாப்பரின் ஒப்பித்தலைப் பதிவு செய்தபோதுதான், கவிதை தன் குரலோடு திரைக்கு வந்து சேர்ந்தது. 1927-இல் வாலஸ் பீரி கேஸியாக நடித்த முழுநீளப் படம் வெளிவந்தது. அது வேறு வகைக் கதை, இங்கே விரிக்கத் தேவையில்லை.

நடுவரைப் பொறுத்தவரை முக்கியமான மாற்றம் வேறு இடத்தில் நடந்தது. படங்கள் நீண்டு, வெட்டி ஒட்டும் கலை வளர்ந்ததும், நகைச்சுவை ஹோம் பிளேட்டை விட்டு மைதானம் முழுவதும் ஓடத் தொடங்கியது. 1917-இல் வந்த 'ஓவர் தி ஃபென்ஸ்' என்ற ஒற்றைச் சுருள் படம் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. ஹெரால்ட் லாய்ட் வட்டக் கண்ணாடி அணிந்து நடித்த முதல் படம் அதுவே. தையல்காரனான நாயகன் நுழைவுச்சீட்டைத் திருட்டுக்கொடுத்து, எப்படியோ களத்துக்குள் புகுந்து, ஆட்டக்காரனாகி, வெற்றிக்குரிய அடியை அடிக்கிறான். அவனுக்கு எதிரி நடுவர் அல்ல. சீட்டைத் திருடிய சக ஊழியன். துரத்தல், ஆள்மாறாட்டம், தவறான அடையாளம் என்று சிரிப்புக்கு வேறு வழிகள் பல கிடைத்தபின், கையில் ஒன்றுமில்லாமல் குனிந்து நிற்கும் மனிதரை அடிக்க வேண்டிய தேவை குறைந்தது. ஒரே சட்டகமும் ஒரே நிமிடமும் இருந்த காலத்தில்தான் நடுவர் இன்றியமையாத பலியாக இருந்தார்.

அந்தப் போக்கை அதன் எல்லைவரை கொண்டுபோனவர் பஸ்டர் கீட்டன். பேஸ்பால் மீது தீராத ஆசை கொண்ட அவர், 1928-இல் வந்த 'தி கேமராமேன்' படத்தில், செய்திப்பட ஒளிப்பதிவாளராக ஆசைப்படும் இளைஞனாக யாங்கி ஸ்டேடியத்துக்கு வருகிறார். ஆனால் அந்த அரங்கின் அணியான யாங்கிகள் அன்று செயின்ட் லூயிஸில் ஆடிக்கொண்டிருக்கிறார்கள்; அரங்கம் வெறிச்சோடியிருக்கிறது. கீட்டன் தனியாகவே ஓர் ஆட்டத்தை ஆடுகிறார். எறிவாளராக மேட்டில் நின்று, கேட்சர் காட்டும் சைகைக்குத் தலையசைத்து மறுக்கிறார். இல்லாத ஓட்டக்காரரைக் கண்காணிக்கிறார். பிறகு மட்டையாளராகி, இல்லாத பந்தை ஓங்கி அடித்து, பேஸ்களைச் சுற்றிப் பாய்ந்தோடுகிறார். பந்து இல்லை, மட்டை இல்லை, எதிரணி இல்லை, கூட்டமும் இல்லை; ஆனாலும் ஒவ்வொன்றும் நம் கண்ணுக்குத் தெரிகிறது. அவர் புழுதி கிளம்பச் சறுக்கி வந்து தொடும் ஹோம் பிளேட்டுக்குப் பின்னால் மட்டும் யாரும் குனிந்து நிற்கவில்லை.